காகம் கரைந்தது

நாகபுரியில் தொழிலாளர் குடியிருப்பு ஒன்றின் மூன்றாம் மாடியில் ஒரு சிறுமி வாழ்ந்தாள். பாட்டியின் உடல்நலம் குன்றியதால் அவள் அம்மா தென்காசிக்குச் சென்றிருந்தார். “பத்து நாளில் வந்துவிடுவேன், கண்ணு” என்று சொல்லிச் சென்றார். அப்பாவுக்கோ மாலைநேர வேலை. பள்ளி விட்டு வந்ததும் சிறுமி தானே கதவைத் திறந்துகொள்வாள். அவள் ‘காக்கு’ என்று அழைக்கும் அடுத்த வீட்டு மராத்திய அம்மையார் தரும் அவலை உண்டுவிட்டுச் சாளரத்தின் அருகே அமர்வாள்.

சமையலறைக் கதவின் பின்புறம் நாள்தோறும் கரிக்கோலால் ஒரு கோடு இட்டாள். 10 கோடுகள் ஆயின. 17 கோடுகளும் ஆயின. தொலைபேசியில் அம்மாவின் குரல், “இன்னும் சில நாள்” என்னும். “நீ எப்போது வருவாய், அம்மா?” என்பதே சிறுமியின் கேள்வி. ‘பாட்டி எப்படி இருக்கிறார்?’ என்று ஒருமுறையும் கேட்கவில்லையே என இரவில் படுக்கையில் எண்ணி வருந்துவாள். மறுநாளும் முதற்கேள்வியே வாயில் வரும்.

நாள் எண்ணிக் காத்திருத்தல் தமிழில் மிகப் பழையது. 1261ஆம் திருக்குறளில் ஒரு பெண், கணவன் பிரிந்து சென்ற நாள்களைத் தொட்டுத் தொட்டு எண்ணுகிறாள். அவள் விரல் தேய்கிறது; வழி பார்த்த கண்ணும் ஒளி இழக்கிறது.

18ஆம் நாள் காலை, சாளர விளிம்பில் ஒரு காகம் கரைந்தது. காகம் கரைந்தால் விருந்து வரும் என்பார் பாட்டி. சிறுமி தன் சப்பாத்தியில் பாதியைப் பிய்த்து வைத்தாள். சங்ககாலப் பெண்பாற் புலவர் நச்செள்ளையாரும் இந்நம்பிக்கையைக் குறுந்தொகையின் 210ஆம் பாட்டில் பாடியுள்ளார். விருந்து வரக் கரைந்த காக்கைக்கு ஏழு கலங்களில் நெய்ச்சோறு படைத்தாலும் அது சிறிதே என்கிறார். அதனால் அவர் காக்கைபாடினியார் எனப் பெயர் பெற்றார். ஏழு கலம் எங்கே, அரைச் சப்பாத்தி எங்கே! காகம் அதையும் கவ்விக்கொண்டு பறந்தது.

அன்று எவரும் வரவில்லை. மறுநாளும் வரவில்லை. 21ஆம் நாள் தமிழ்நாடு விரைவுவண்டியிலிருந்து அம்மா இறங்கினார். அவர் கையைப் பற்றிக்கொண்டு, மெலிந்த உடலோடு பாட்டியும் மெல்ல இறங்கினார்.

சிறுமி முதலில் பாட்டியிடம் ஓடினாள்.

சொற்பொருள்
குன்றுதல் – குறைதல். சாளரம் – சன்னல். கரிக்கோல் – பென்சில். கரைதல் – காகம் ஒலித்தல். கலம் – பாத்திரம்

பயிற்சி
1. சிறுமி இரவில் வருந்தியது ஏன்?
2. காகம் கரையும், குயில் ______, மயில் ______.
3. சிறுமி முதலில் பாட்டியிடம் ஓடியது ஏன்? உம் கருத்தை எழுதுக.
4. நீவிர் எவரையேனும் எதிர்நோக்கிக் காத்திருந்த நாளைப் பற்றி ஐந்து தொடர்களில் எழுதுக.