காலத்தைச் சொல்லும் ஓலைச்சுவடி: மந்திரமா, கணக்கா?

மாணவர்களே! மாயாஜாலக் கதைகளில் ஒரு மந்திரவாதி வருவான். அவன் கையில் பழைய ஓலைச்சுவடி ஒன்று இருக்கும். அதிலுள்ள சொற்களை முணுமுணுத்தால் போதும், நாளை நடக்கப் போவது இன்றே தெரிந்துவிடும். அப்படியொரு சுவடி உண்மையில் இருக்க முடியுமா?

ஒரு வகையில் இருந்தது என்றே சொல்லலாம்! அதில் 248 சிறு சொற்றொடர்கள் உண்டு. மேலோட்டமாகப் பார்த்தால் அவற்றுக்கும் வானத்துக்கும் எவ்விதத் தொடர்பும் தெரியாது. ஆனால் அவற்றை மனப்பாடம் செய்தவர், தொலைநோக்கி இல்லாமலே கிரகணத்தை முன்கூட்டிச் சொல்லிவிடுவார். இவற்றைச் 'சந்திர வாக்கியங்கள்' என்பார்கள். வரருசி என்பவர் இயற்றியவை என்பது மரபு.

சோழியும் கிரகணமும்

ஜான் வாரன் என்பவர் சென்னை வானாய்வகத்தில் பணியாற்றியவர். அவர் 'காலசங்கலிதம்' என்னும் நூலை 1825 இல் வெளியிட்டார். புதுச்சேரியில் பஞ்சாங்கம் கணிக்கும் தமிழர் ஒருவரை அவர் சந்தித்தார். அந்தக் கணிதர் தாளும் பேனாவும் எடுக்கவில்லை. தரையில் சோழிகளைப் பரப்பினார். மனப்பாடச் சொற்களை நினைவிலிருந்து எடுத்தார். சோழிகளைக் கூட்டியும் குறைத்தும் கணக்கிட்டார். 1825 மே 31, ஜூன் 1 இரவில் நிகழ்ந்த சந்திர கிரகணத்தின் நேரங்கள் கிடைத்தன! தொடக்க நேரத்தில் ஏற்பட்ட பிழை 4 நிமிடம்தான்.

சொல்லுக்குள் எண்

இதில் மந்திரம் எங்கே இருக்கிறது? 'கடபயாதி' என்னும் முறையில் ஒவ்வொரு மெய்யெழுத்துக்கும் ஓர் எண் உண்டு. க, ட, ப, ய ஆகிய நான்கும் 1. ம என்பது 5, ல என்பது 3. இப்போது 'கமலம்' என்ற சொல்லை எடுத்துக்கொள்ளுங்கள். க-1, ம-5, ல-3. இறுதியில் உள்ள 'ம்' புள்ளி வைத்த எழுத்து, அதற்கு மதிப்பில்லை. எண்களை வலமிருந்து இடமாகப் படித்தால் 351. எண் பட்டியலை மனத்தில் வைப்பது கடினம். சொற்களை வைப்பது எளிது. மந்திரம் போல் ஒலித்தது உண்மையில் ஓர் அட்டவணையே!

ஏன் 248?

சந்திரன் பூமியை நீள்வட்டப் பாதையில் சுற்றுகிறது. தொலைவில் இருக்கும்போது ஒரு நாளில் ஏறத்தாழ 12 பாகையே நகரும். அருகில் வரும்போது வேகம் கூடி ஏறத்தாழ 15 பாகை நகரும். அருகிலிருந்து புறப்பட்டு மீண்டும் அருகில் வர 27.55455 நாள் ஆகும். இது முழு எண் இல்லை. ஆகவே ஒரு சுற்றுக்கு மட்டும் அட்டவணை போட்டால் அடுத்த சுற்றுக்குப் பொருந்தாது. ஆனால் 9 ஆல் பெருக்கிப் பாருங்கள்:

27.55455 × 9 = 247.99

ஏறத்தாழ 248! ஒன்பது சுற்றுக்கு ஒருமுறை அதே வரிசை திரும்பி வரும். குறைவது 13 நிமிடமே. முன்னோர் 3031 நாள் கொண்ட பெரிய சுழற்சியையும் அறிந்திருந்தனர். 3031 ஐ 110 ஆல் வகுத்துப் பாருங்கள், வியப்படைவீர்கள்.

முத்துக்கரையின் தொடர்பு

தூத்துக்குடிக்குத் தெற்கே உள்ள கொற்கையின் முத்துக்குளிப்பை, ஏறத்தாழ 1900 ஆண்டுகளுக்கு முன் எழுதப்பட்ட 'பெரிப்ளூஸ்' என்னும் கிரேக்க நூல் குறிப்பிடுகிறது. அந்நாளில் எகிப்துத் துறைமுகங்களுக்கும் நம் கரைக்கும் இடையே கப்பல்கள் சென்று வந்தன. அதே 248 நாள் முறை பாபிலோனியக் களிமண் பலகைகளிலும், எகிப்தில் கிடைத்த கிரேக்கப் பாப்பிரஸ் ஏடுகளிலும் காணப்படுகிறது. இந்த ஒற்றுமையை ஆட்டோ நியூகேபாயர் என்னும் அறிஞர் 1952 இல் விளக்கி எழுதினார். முத்து சென்ற வழியில் எண்களும் பயணம் செய்திருக்கலாம் அல்லவா?

பிழைதான் பெருமை

அந்தப் புதுச்சேரிக் கணிதருக்குத் திரும்புவோம். கிரகணத்தின் நடுநேரத்தில் அவர் கணக்கு 23 நிமிடமும், முடிவு நேரத்தில் 52 நிமிடமும் தவறியது. இது குறையா? 'கெட்ட காலம் வருகிறது' என்று ஒருவர் சொன்னால் அதை எந்தக் கடிகாரத்தால் சோதிப்பீர்கள்? ஆனால் 'இன்ன நாழிகையில் கிரகணம்' என்றால் வானத்தைப் பார்த்தே சோதித்துவிடலாம். தவறு தெரிந்தால் திருத்தவும் முடியும். கேரளத்தின் பரமேசுவரர் பல்லாண்டுகள் கிரகணங்களைக் கவனித்து, 1431 இல் பழைய கணக்கைத் திருத்தினார். அவர் முறையின் பெயர் 'த்ருக்கணிதம்'. 'த்ருக்' என்றால் காணுதல். கண்டதைக் கொண்டு கணக்கைத் திருத்துவதே அறிவியல்.

செய்து பாருங்கள்

1. தூத்துக்குடிக் கடற்கரையில் சந்திரன் கடலிலிருந்தே எழும். முழுநிலவு நாள் தொடங்கி நான்கு நாள்கள் அது தோன்றும் நேரத்தைக் குறியுங்கள். சராசரியாக நாளுக்கு ஏறத்தாழ 50 நிமிடம் தாமதமாகும். ஆனால் எல்லா நாளும் ஒரே அளவாக இராது. சந்திரனின் வேகம் மாறுவது ஒரு காரணம். அதன் பாதை சாய்ந்திருப்பது மற்றொரு காரணம்.

2. வாக்கியப் பஞ்சாங்கம், திருக்கணிதப் பஞ்சாங்கம் இரண்டிலும் பௌர்ணமி முடியும் நேரத்தை எடுத்து எழுதுங்கள். அடுத்த சந்திர கிரகணத்தின் நடுநேரம் எதற்கு அருகில் வருகிறது? நீங்களே நீதிபதி!

ஒரு வேண்டுகோள். உங்கள் வீட்டுப் பரணில் பழைய சுவடி கிடைத்தால், புரியவில்லை என்று ஆற்றில் விடாதீர்கள். மந்திரம் என்று பூட்டியும் வைக்காதீர்கள். ஆசிரியரிடம் காட்டுங்கள். சென்னை அரசினர் கீழ்த்திசைச் சுவடிகள் நூலகம், தஞ்சை சரசுவதி மகால் நூலகம் போன்றவை இத்தகைய ஏடுகளைக் காத்து வருகின்றன. புரியாத சொல் ஒவ்வொன்றும் ஓர் எண்ணாக இருக்கலாம்!