எழுத்தாணியின் ஆற்றல்

கதைகளில் வீரனுக்குத் தெய்வ வாள் உண்டு. வள்ளன்மைக்கு அள்ள அள்ளக் குறையாத அமுதசுரபி உண்டு. எழுதுவோர்க்கு அத்தகைய அரிய கருவி ஒன்று இல்லையோ எனின், அதுவும் உண்டு. பாரதம் எழுதிய யானைக்கொம்பே அது.

பாரதக் கதையைப் பாடத் துணிந்த வியாச முனிவர், அதனை ஏட்டில் எழுதித் தருமாறு விநாயகப் பெருமானை வேண்டினார். தம் எழுத்தாணி இடையில் நிற்காதவாறு பாடிச் செல்லுதல் வேண்டும் என்றார் பெருமான். பாடலின் பொருளை உணர்ந்த பின்னரே எழுதுதல் வேண்டும் என்று முனிவரும் ஒரு நிபந்தனை விதித்தார். பெருமான் தமது கொம்பினையே ஒடித்து, மேருமலையை ஏடாகக் கொண்டு எழுதினார் என்பது நம் நாட்டில் வழங்கும் கதை. இதைக் கேட்போர் பலரும் கொம்பை வியப்பர், மலையை வியப்பர். முனிவர் விதித்த நிபந்தனையை எண்ணிப் பார்ப்பவர் சிலரே. எழுத்தாணியின் ஆற்றலெல்லாம் அந்நிபந்தனையிலேயே அடங்கியுள்ளது. அஃது எவ்வாறு என்பதைக் காண்போம்.

நம் முன்னோர் கையாண்ட எழுத்தாணி இரும்பினால் ஆயது, கூரிய முனையுடையது. தலைப்பக்கம் உருண்டு கனத்திருப்பது குண்டெழுத்தாணி. ஓலையை வாருவதற்குரிய கத்தியும் உடன் அமைந்தது வாரெழுத்தாணி. பிடிக்குள் மடக்கி வைத்துக் கொள்ளத்தக்கது மடக்கெழுத்தாணி. பனையோலையைப் பதப்படுத்தி, ஓரம் நறுக்கி, இடக்கையில் ஏந்துவர். இடக்கைக் கட்டைவிரல் எழுத்தாணியைத் தாங்கி மெல்ல நகர்த்த, வலக்கை எழுத்துகளைக் கீறிச் செல்லும். கீறிய எழுத்து எளிதில் கண்ணுக்குப் புலப்படாது. ஆதலின் மையும் மஞ்சளும் இலைச்சாறும் ஏட்டின்மேல் தடவுவர். சிறுவர் கல்வி தொடங்குங்கால் இதனை ஒரு மங்கலச் சடங்காகவே செய்து, ‘மையாடல்’ எனப் பெயரிட்டனர். நாம் எழுதத் தொடங்கும்போது இடும் பிள்ளையார் சுழியும், ஓலையின் பதத்தையும் எழுத்தாணியின் கூர்மையையும் சோதித்துப் பார்க்க எழுந்தது என்று கூறுவாரும் உளர்.

இக்கருவிக்கு ஓர் இடர்ப்பாடு உண்டு. கூரிய முனையால் புள்ளி குத்தினால் ஓலை கிழிந்துவிடும். அதனால் ஏடெழுதியோர் பெரும்பாலும் புள்ளியிடாமலே எழுதினர். எகர ஒகரக் குறில்களுக்குப் புள்ளியிடுதலும், நெடில்களைப் புள்ளியின்றி எழுதுதலும் பழைய மரபு. புள்ளி மறைந்தபோது குறிலும் நெடிலும் ஒரே வடிவாயின. ‘கொல்’ என்பதும் ‘கோல்’ என்பதும் ஏட்டில் வேறுபாடின்றி நின்றன. அம்பத்தூரிலும் செம்பரம்பாக்கத்திலும் உள்ள நீர்நிலையை ‘ஏரி’ என்கிறோம். பழைய ஏட்டில் அச்சொல்லைக் காண்பவன் அதனை ‘எரி’ என்று படித்து, நீரை நெருப்பாக்கி விடவும் கூடும்! சொற்களுக்கிடையே இடமும் இல்லை. நிறுத்தக் குறிகளும் இல்லை. பொருளுணர்ந்தவனே பிழையின்றிப் படிக்க இயலும். அவனே பிழையின்றிப் படியெடுக்கவும் இயலும். வியாசர் விதித்த நிபந்தனையின் அருமை இப்பொழுது விளங்குகிறதன்றோ?

பிழையைக் கண்டு நம் புலவர் எத்துணை வருந்தினர் என்பதற்கும் ஒரு கதை உண்டு. குற்றமுள்ள செய்யுளைக் காணுந்தோறும் சீத்தலைச் சாத்தனார் தம் தலையை எழுத்தாணியால் குத்திக் கொண்டார் என்றும், அதனால் அவர் தலை புண்ணாயிற்று என்றும் கூறுவர். சீத்தலை என்பது ஊர்ப்பெயரே என அறிஞர் விளக்குவர். எனினும், பிழைக்கு அஞ்சிய புலமையை அக்கதை நன்கு காட்டுகிறது.

பூந்தமல்லிக்குத் தெற்கே சில கல் தொலைவில் உள்ளது குன்றத்தூர். பெரியபுராணம் பாடிய சேக்கிழார் பெருமான் பிறந்த ஊர் அது. பன்னிரண்டாம் நூற்றாண்டில் சோழ மன்னனிடம் அமைச்சராயிருந்த அவர், தில்லைக்குச் சென்று இறைவனை வேண்டி நிற்க, முதற்சொல் அசரீரியாக எழுந்தது என்பர். நூல் அரங்கேறியபின், அவ்வேட்டினையும் ஆசிரியரையும் யானைமேல் ஏற்றி, மன்னன் தானே கவரி வீசினான் என்று அவர் வரலாறு கூறுகிறது. அன்று யானைமீது ஏறிய ஏடு இன்று நம்மிடம் இல்லை. செல்லும் புழுவும் ஈரமும் அரிக்க, ஓலைச்சுவடி சில நூறு ஆண்டுகளே நிலைக்கும். ஆயினும் பெரியபுராணம் நம்மிடம் உள்ளது. பழைய ஏடு சிதையுமுன் புதிய ஏட்டில் ஒருவர் எழுதினார். அது சிதையுமுன் மற்றொருவர் எழுதினார். அவர்களுள் மிகப் பலருடைய பெயரை நாம் அறியோம். அவர்களை எந்த மன்னனும் யானைமேல் ஏற்றவில்லை. அவர்தம் எழுத்தாணி ஒரு தலைமுறை ஓய்ந்திருப்பின், நூல் மறைந்தே போயிருக்கும்.

அங்ஙனம் மறையும் நிலையிலிருந்த நூல்களைத் தேடியவர் டாக்டர் உ. வே. சாமிநாத ஐயர். 1880ஆம் ஆண்டில் சேலம் இராமசாமி முதலியாரின் தூண்டுதலால் சீவக சிந்தாமணியை ஆராயத் தொடங்கினார். ஊர்தோறும் சென்று ஏடுகளைத் தொகுத்தார். ஓர் ஏட்டின் பிழையை மற்றோர் ஏட்டால் திருத்தினார். 1887இல் சிந்தாமணியும், 1892இல் சிலப்பதிகாரமும், 1894இல் புறநானூறும் அவர் பதிப்பாக வெளிவந்தன. பொருளுணர்ந்து எழுதியவர்தம் ஏடுகள் அவருக்கு விளக்காயின. உணராது எழுதியவர்தம் ஏடுகள் அவர் உழைப்பைப் பெருக்கின.

இன்று எழுத்தாணி காட்சிப் பொருளாகிவிட்டது. இறகும் இரும்பு முள்ளும் ஊற்றுப்பேனாவும் வந்து, இப்பொழுது கணிப்பொறியும் கைப்பேசியும் வந்துள்ளன. பிறர் எழுதியதை நொடியில் படியெடுத்து ஆயிரம் பேருக்கு அனுப்பலாம். விநாயகர் கேட்டவாறு நில்லாமல் எழுதும் கருவி நமக்குக் கிடைத்துவிட்டது. ஆனால், முனிவர் கேட்டதனை எக்கருவியும் தாராது. மாணவர்களே, கரும்பலகையில் உள்ளதை உங்கள் ஏட்டில் எழுதும்போது, அந்நிபந்தனையை நினைவிற் கொள்ளுங்கள். பொருளுணர்ந்து எழுதும் கையில் இருக்குமாயின், சிறு பென்சிலும் பாரதம் எழுதிய கொம்பே ஆகும்.