கடவுச்சொல்லைக் கடன் வாங்கலாமா?

2018ஆம் ஆண்டு ஜூலை மாதம் சிங்கப்பூர் மக்களை ஒரு செய்தி அதிர வைத்தது. சிங்ஹெல்த் மருத்துவக் குழுமத்தின் கணினிகளுக்குள் ஊடுருவியவர்கள், 1.5 மில்லியன் நோயாளிகளின் சொந்த விவரங்களைத் திருடியிருந்தனர். அங்கிருந்த நிர்வாகிக் கணக்கு ஒன்றின் கடவுச்சொல் எளிதில் ஊகிக்கக்கூடியதாக இருந்தது என்பது பின்னர் நடந்த விசாரணையில் தெரியவந்தது. ‘கடவுச்சொல்’ என்பதற்கான ஆங்கிலச் சொல்லிலேயே இரண்டு எழுத்துகளை மட்டும் மாற்றி அதை அமைத்திருந்தனர்.

பிறர் ஊகிக்க முடியாத கடவுச்சொல்லை உருவாக்குவது எளிதன்று. பெயர், பிறந்த நாள் எனப் பழகியவற்றையே மனம் தேடும். அதனால், கடவுச்சொல் உருவாக்கித் தரும் இணையத்தளங்களைப் பலர் நாடுகின்றனர். ஆனால், சாவி செய்து தருபவரே தமக்கும் ஒரு சாவியை வைத்துக்கொண்டால் பூட்டினால் என்ன பயன்?

சிராங்கூன் சாலை நகைக்கடைகளில் தங்கம் வாங்குவோர் பளபளப்பை மட்டும் பார்ப்பதில்லை. 916 முத்திரை இருக்கிறதா என்றும் பார்க்கின்றனர். இணையத்தளத்தையும் அவ்வாறே சோதிக்க வேண்டும்.

முதலாவதாக, தளத்தை நடத்துபவர் யார் என்று பார்க்க வேண்டும். முகவரிக்கு அருகிலுள்ள பூட்டுச் சின்னம் மட்டும் போதாது. அனுப்பும் தகவலை வழியில் பிறர் படிக்க முடியாது என்பதையே அது காட்டும். தளத்தை நடத்துபவரின் நேர்மையைக் காட்டாது.

இரண்டாவதாக, பெயரையோ மின்னஞ்சல் முகவரியையோ கேட்கும் தளத்தைத் தவிர்க்க வேண்டும். கடவுச்சொல் உருவாக்க அவை தேவையே இல்லை.

மூன்றாவதாக, பக்கம் திறந்தபின் இணையத் தொடர்பைத் துண்டித்துப் பார்க்கலாம். அப்போதும் புதிய கடவுச்சொல் கிடைத்தால், அது நம் கருவியிலேயே உருவாகிறது எனலாம். ஆயினும், தொடர்பு திரும்பியதும் தளம் அதை வெளியே அனுப்பக்கூடும். எனவே, இச்சோதனையும் முழு உறுதி தராது.

இதைவிட எளிய வழி ஒன்று உண்டு. தனக்கு மட்டுமே உரிய ஒரு நினைவிலிருந்து ஐந்து சொற்களைக் கோத்து, குறைந்தது 12 எழுத்துகள் கொண்ட கடவுச்சொல்லை அமைக்கலாம் என்கிறது சிங்கப்பூர் இணையப் பாதுகாப்பு அமைப்பு. ‘தேக்காவில் தாத்தா வாங்கித்தந்த முதல் மசால்வடை’ என்பது போன்ற தொடரை மறப்பது கடினம்; அந்நியர் ஊகிப்பதும் கடினம்.

ஆனால், இந்தத் தொடரை மட்டும் எவரும் பயன்படுத்தக்கூடாது. புத்தகத்தில் அச்சான பிறகு அது இரகசியம் அன்று!