மிகைச் சிகிச்சையும் விவரமறிந்த நோயாளியும்: கில்பர்ட் வெல்ச்சின் நூல்கள் தரும் பாடங்கள்

அமெரிக்காவின் டார்ட்மத் மருத்துவப் பள்ளியில் நீண்டகாலம் பேராசிரியராக இருந்த எச். கில்பர்ட் வெல்ச், வெர்மான்ட் மாநிலத்தில் முன்னாள் படைவீரர்களுக்கான அரசு மருத்துவமனையில் நோயாளிகளைப் பார்த்துப் பெற்ற அனுபவத்தையும் பெருந்திரள் மக்களைப் பற்றிய புள்ளியியல் ஆய்வையும் இணைத்துப் பொதுமக்களுக்காக எழுதியவர். 2004இல் வெளிவந்த 'ஷுட் ஐ பி டெஸ்டட் ஃபார் கேன்சர்?', லிசா ஷ்வார்ட்ஸ், ஸ்டீவன் வோலோஷின் ஆகியோருடன் இணைந்து எழுதி 2011இல் வெளியிட்ட 'ஓவர்டயக்னோஸ்டு', 2015இல் வந்த 'லெஸ் மெடிசின், மோர் ஹெல்த்' ஆகிய மூன்று நூல்களிலும் ஒரே கேள்வி ஊடாடி நிற்கிறது: எந்தத் தொந்தரவும் இல்லாமல் நடமாடும் ஒருவரைப் பரிசோதித்து நோயாளி என்று அறிவிப்பதால் அவருக்கு விளையும் நன்மை மிகுதியா, தீங்கு மிகுதியா?

இக்கேள்விக்கு அடிப்படையாக அமைவது மிகைநோயறிதல் என்னும் கருத்தாக்கம். ஒருவருடைய வாழ்நாளில் எந்த அறிகுறியையும் தோற்றுவிக்காமலும் மரணத்துக்குக் காரணமாகாமலும் இருந்துவிடக்கூடிய ஒரு மாற்றத்தைப் பரிசோதனையில் கண்டறிந்து, அதற்கு நோயின் பெயரைச் சூட்டுவதே மிகைநோயறிதல். பரிசோதனைக் கருவி தவறு செய்வதை இது குறிப்பதில்லை, ஏனெனில் கருவி காட்டும் மாற்றம் உடலில் உண்மையாகவே இருக்கிறது. புற்றுநோய்கள் எல்லாம் ஒரே வேகத்தில் வளர்வதில்லை என்பதை விளக்க வெல்ச் பறவை, முயல், ஆமை ஆகிய மூன்றையும் அடைத்துவைக்கும் தொழுவத்தை உவமையாகக் காட்டுகிறார். மிக வேகமாகப் பரவும் புற்றுநோய் பறவையைப் போல வேலி எழும்புமுன்னே பறந்துவிடுகிறது. ஆமை எங்கும் போகப்போவதில்லை என்பதால் அதற்கு வேலியே தேவையில்லை. வேலியால் தடுத்து நிறுத்தக்கூடியது முயலை மட்டுமே. ஆகவே, அறிகுறியற்றவர்களிடம் நோயைத் தேடும் பரிசோதனையால் பயனடைபவர்கள் முயல் வகைப் புற்றுநோய் உள்ளவர்கள் மட்டுமே.

இதற்குத் தெளிவான சான்று தென்கொரியாவின் தைராய்டு புற்றுநோய் அனுபவம். அந்நாட்டு அரசு 1999இல் தேசியப் புற்றுநோய்ப் பரிசோதனைத் திட்டத்தைத் தொடங்கியபோது தைராய்டு அதில் சேர்க்கப்படவில்லை. ஆயினும் சிறிய கூடுதல் கட்டணத்தில் மருத்துவமனைகள் கழுத்துக்கும் ஸ்கேன் எடுக்க முன்வந்தன. அதன் விளைவாக 2011இல் தைராய்டு புற்றுநோய் கண்டறியப்பட்டவர்களின் விகிதம் 1993இல் இருந்ததைப்போல் 15 மடங்காகி, அந்த ஓராண்டில் மட்டும் 40,000க்கும் மேற்பட்டோர் நோயாளிகளாயினர். ஆனால் இந்நோயால் இறப்போர் விகிதத்தில் மாற்றமே ஏற்படவில்லை. கண்டறியப்பட்டோரில் ஏறக்குறைய அனைவரும் சிகிச்சை பெற்றனர். சுரப்பி முழுவதும் அகற்றப்பட்டவர்கள் வாழ்நாள் முழுவதும் ஹார்மோன் மாத்திரை உண்ண நேர்ந்தது. அறுவை செய்துகொண்டவர்களில் சுமார் 11 விழுக்காட்டினருக்கு உடலின் கால்சியத்தைக் கட்டுப்படுத்தும் துணைச் சுரப்பிகள் பழுதுபட, 2 விழுக்காட்டினருக்குக் குரல்நாண் செயலிழந்தது. தென்கொரிய ஆய்வாளர்களுடன் இணைந்து வெல்ச் இதனை 2014இல் வெளியிட்டார். அதே ஆண்டில் அந்நாட்டு மருத்துவர் சிலரும் இப்பரிசோதனையைக் கைவிடுமாறு மக்களை வேண்டினர். ஓராண்டுக்குள் அறுவைகள் ஏறத்தாழ 35 விழுக்காடு குறைந்தன.

ஸ்கேன் மட்டுமன்றி, நோயின் எல்லைக்கோட்டை நகர்த்துவதும் நோயாளிகளைப் பெருக்கும். வெறும் வயிற்றில் எடுக்கும் ரத்தச் சர்க்கரை 140 மில்லிகிராமாக இருந்தால் நீரிழிவு என்றிருந்த அளவுகோல் 1997இல் அமெரிக்காவில் 126ஆகத் தாழ்த்தப்பட்டபோது, முந்தைய நாள்வரை ஆரோக்கியமானவர்களாகக் கருதப்பட்ட பல லட்சம் பேர் நீரிழிவு நோயாளிகளாயினர். சிகிச்சையின் நன்மை நோயின் தீவிரத்தைப் பொறுத்தது என்பதையே வெல்ச் இங்கு வலியுறுத்துகிறார். 1967இல் வெளியான முன்னாள் படைவீரர் மருத்துவமனைகளின் ஆய்வில், ரத்தஅழுத்தத்தின் கீழளவு 115 முதல் 129 வரை இருந்தவர்களில் மருந்து பெறாத 70 பேரில் 27 பேருக்குக் கடும் பாதிப்புகள் நேர, மருந்து பெற்ற 73 பேரில் இருவருக்கே அவை நேர்ந்தன. இத்தகையோருக்கு மருந்து உயிர்காப்பது; எல்லைக்கோட்டை ஒட்டி நிற்பவருக்கோ நன்மை மிகச் சுருங்கிவிடுகிறது, பக்கவிளைவின் வாய்ப்போ அப்படியே நிற்கிறது. லேசான நீரிழிவுக்கு மாத்திரை பெற்ற தம் நோயாளி ஒருவர், சர்க்கரை தாழ்ந்து, வண்டி ஓட்டும்போதே நினைவிழந்து காயமுற்றதை வெல்ச்சே பதிவுசெய்திருக்கிறார்.

எண்களைப் படிக்கும் முறையும் இந்நூல்களின் முக்கியமான பாடமாகும். ஆயிரம் பேரில் இருவர் இறக்கும் நிலை மாறி ஒருவர் இறப்பாரெனில், அதை 'இறப்பு 50 விழுக்காடு குறைந்தது' என்றும் சொல்லலாம், 'ஆயிரத்தில் ஒருவர் கூடுதலாகப் பிழைத்தார்' என்றும் சொல்லலாம். முன்னது ஒப்பீட்டுக் கணக்கு, பின்னது நேரடிக் கணக்கு. முடிவெடுப்பவருக்குத் தேவைப்படுவது பின்னதே. அவ்வாறே, ஐந்தாண்டு பிழைப்பு விகிதம் உயர்ந்திருப்பதை மட்டும் வைத்து ஆயுள் நீண்டதாகக் கொள்ளலாகாது. 70 வயதில் இறக்கவிருக்கும் ஒருவருக்கு நோய் 67இல் தெரியவந்தால் ஐந்தாண்டு பிழைக்காதவர் என்றும், 62இல் தெரியவந்தால் பிழைத்தவர் என்றும் கணக்கில் ஏறுவார். இறக்கும் வயதோ மாறவில்லை.

இப்பாடங்களிலிருந்து நோயாளி தமக்கென வகுத்துக்கொள்ள வேண்டிய கேள்விகள் சில. என்னைப் போன்ற ஆயிரம் பேர் இப்பரிசோதனையைச் செய்துகொண்டால் எத்தனை பேர் பயனடைவர், எத்தனை பேர் பாதிக்கப்படுவர்? முடிவு சந்தேகத்துக்குரியதாக வந்தால் அடுத்து என்னென்ன செய்ய நேரும், அவற்றுக்கு உடன்பட மனம் தயாராக உள்ளதா? இப்போது சிகிச்சை தொடங்காமல் சில மாதங்கள் கண்காணித்தால் இழப்பு உண்டா? புதிய மருந்து பழையதைவிட மேலானது என்பதற்கு நீண்டகாலச் சான்று இருக்கிறதா? இவற்றை எழுதி எடுத்துச்சென்று மருத்துவரிடம் கேட்பது அவரை அவமதிப்பதாகாது. 55 முதல் 69 வயது வரையுள்ள ஆண்களுக்கான புராஸ்டேட் ரத்தப் பரிசோதனையை, மருத்துவருடன் பேசித் தனிநபரே முடிவுசெய்ய வேண்டிய ஒன்றாக அமெரிக்கத் தடுப்பு மருத்துவப் பணிக்குழுவே 2018இல் அறிவித்துள்ளது.

வெல்ச்சின் நூல்களை மருத்துவ எதிர்ப்பாகப் படிப்பவர் அவற்றைப் பிழைபடவே படிக்கிறார். நெஞ்சுவலி, மார்பகக் கட்டி, காரணமறியா எடைக்குறைவு, ரத்தக்கசிவு போன்ற அறிகுறிகள் உள்ளவர் தாமதமின்றி மருத்துவரை நாட வேண்டும்; உட்கொண்டுவரும் மருந்தைத் தாமாக நிறுத்துவதும் கூடாது. அறிகுறியற்றவருக்கு நீட்டப்படும் பரிசோதனையோ கடமையன்று, தேர்வு. அதை ஏற்பதும் மறுப்பதும் நன்மை தீமைகளை எண்ணிப்பார்த்த பின் அவரே எடுக்கும் முடிவாக இருக்க வேண்டும், அம்முடிவு எதுவாயினும் மருத்துவர் அதை மதிக்க வேண்டும்.