உறக்கத்தின் ஒழுங்கு

சுப்ஹுக்கு பாங்கு ஒலிக்கிறது. காதில் விழுகிறது, உடல் எழ மறுக்கிறது. இதை ஈமானின் பலவீனம் என்று சொல்லி விட்டுவிடுகிறோம். முந்திய இரவை எப்படிக் கழித்தோம் என்று எண்ணிப் பார்ப்பதில்லை.

வேப்பந்தட்டை வட்டாரத்தில், வி. களத்தூர் போன்ற ஊர்களிலிருந்து வளைகுடா நாடுகளுக்குப் பிழைக்கச் சென்றோர் பலர். சவூதியில் இரவு 10 மணி என்றால் நமக்கு 12.30. அங்கே மகன் வேலை முடித்து, உண்டு, பேச அமரும் வேளை இங்கே நடுநிசி. பேச்சு முடிந்த பின்னும் கைப்பேசி கையை விட்டு இறங்குவதில்லை.

நம் உடலுக்குள் ஒரு கடிகாரத்தை அல்லாஹ் அமைத்துள்ளான். அது 24 மணி நேரத்தைவிடச் சற்று மெதுவாக ஓடுவது. காலை வெளிச்சமே அதை நாள்தோறும் திருத்தி வைக்கிறது. இரவில் மூளையில் மெலடோனின் என்னும் பொருள் சுரந்து உடலை உறக்கத்துக்குத் தயாராக்குகிறது. 1958-ல் கண்டறியப்பட்ட இப்பொருள் கண்ணில் படும் வெளிச்சத்தால் குறைந்துவிடும். நடுநிசியில் கைப்பேசியின் ஒளியைப் பார்ப்பவரின் கடிகாரம் பின்தங்கிப் போகிறது.

இத்துறையில் நம் மதுரைக்கும் பங்குண்டு. மதுரை காமராசர் பல்கலைக்கழகத்துப் பேராசிரியர் எம்.கே. சந்திரசேகரனும் அவருடைய குழுவினரும் குகை வௌவால்களை ஆராய்ந்து 1981-ல் ஓர் உண்மையை வெளியிட்டனர். இருண்ட குகையில் கூண்டில் அடைக்கப்பட்ட வௌவால், வெளிச்சமே காணாமல், மற்ற வௌவால்களின் போக்குவரவைக் கொண்டே பொழுதை அறிந்தது. கூட்டம் இல்லாத இடத்தில் அதன் நேரம் தடம் மாறியது.

மனிதனுக்கு வெளிச்சமே முதன்மையானது. ஆயினும் ஒருவர் விழித்திருந்தால் வீடே விழித்திருப்பதும், ஒருவர் எழுந்தால் மற்றவரும் எழுவதும் நாம் அறிந்ததே. சுப்ஹு ஜமாஅத்தில் சேர்பவர் கூட்டத்தோடு எழுகிறார். திரும்பும்போது காலை வெளிச்சத்தையும் பெறுகிறார்.

இஷாவுக்கு முன் உறங்குவதையும், இஷாவுக்குப் பின் வீண்பேச்சையும் நாயகம் (ஸல்) அவர்கள் வெறுத்தார்கள். ஒளுவுடன் வலப்புறமாகச் சாய்ந்து படுக்கக் கற்றுத் தந்தார்கள். ஸஹீஹுல் புகாரியில் இவ்விரண்டும் பதிவாகியுள்ளன.

ஆகவே சகோதரர்களே, தாய்மார்களே! சவூதியில் மஃரிபு முடியும் நேரம் இங்கே சுமார் இரவு 8, 9 மணிதான். முடிந்தவர்கள் அப்போதே பேசிக்கொள்ளுங்கள். வெள்ளி அங்கே விடுமுறை நாள். நீண்ட பேச்சை அன்று பகலுக்கு வையுங்கள். இஷாவுக்குப் பின் தேநீரைத் தவிருங்கள். கைப்பேசியைப் படுக்கைக்கு எட்டாத இடத்தில் வையுங்கள். பகலில் கைலூலா செய்வதானால் அரைமணிக்குள் எழுந்துவிடுங்கள். வளர்ந்தவருக்கு நாளுக்கு 7 மணி நேர உறக்கமாவது தேவை. பிள்ளைகளுக்கு அதனினும் அதிகம்.

இத்தனைக்குப் பிறகும் வாரக்கணக்கில் உறக்கம் வராதிருந்தால் அது நோயாகவும் இருக்கலாம். மருத்துவரைக் காணத் தயங்க வேண்டாம். உறக்கமும் ஓர் அமானிதமே. அதை உரிய நேரத்தில் பேணினால், இன்ஷா அல்லாஹ், சுப்ஹும் எளிதாகும்.