முடிசூட்டு விழாவும் படப்பெட்டியும்

அரச விழாவைக் காட்டும் மிகப் பழைய திரைப்படங்களுள் ஒன்றை நாம் இங்கே காண்போம். 1896 மே 26 அன்று மாஸ்கோ நகரில் ருஷ்யப் பேரரசர் இரண்டாம் நிக்கோலஸ் முடிசூடினார். பாரிஸில் லூமியேர் சகோதரர்கள் கட்டணம் பெற்றுத் திரைப்படம் காட்டத் தொடங்கி அப்போது ஐந்து மாதங்களே ஆகியிருந்தன.

அவர்கள் அனுப்பிய ஆட்கள் கொண்டு சென்றது, கையால் சுழற்றும் ஒரு மரப்பெட்டி. படம் பிடிக்க, பிரதி எடுக்க, திரையில் காட்ட எல்லாவற்றிற்கும் அது ஒன்றே! ஆனால் ஒரு சுருள் ஏறக்குறைய ஐம்பது விநாடிதான் ஓடும். நாம் ஒரு பாட்டைப் பாடி முடிக்கும் நேரம்கூட இல்லை. மணிக்கணக்கில் நடந்த விழாவில் எதைப் பிடிப்பது, எதை விடுவது? பேராலயத்தினுள் மகுடம் சூடிய காட்சி படத்தில் இல்லை. வெளியே கிரெம்ளின் முற்றத்தில் சென்ற ஊர்வலத்தையே நாம் காண்கிறோம்.

நான்கு நாட்களுக்குப் பின், கொடின்கா மைதானத்தில் மக்களுக்கு எனாமல் குவளையும் தின்பண்டங்களும் வழங்க ஏற்பாடாயிற்று. அது படைப்பயிற்சி நடக்கும் இடம், எங்கும் பள்ளங்கள். பரிசு எல்லோருக்கும் போதாது என்ற வதந்தி பரவவே, கூட்டம் முண்டியடித்தது. 1,300க்கும் மேற்பட்டோர் மிதிபட்டும் நசுங்கியும் இறந்தனர். எத்தகைய கொடுமை! அன்றிரவே பேரரசர் பிரெஞ்சுத் தூதர் அளித்த நடன விருந்துக்குச் சென்றார்.

மைதானத்தில் நடந்ததையும் லூமியேரின் ஆட்கள் படம் பிடித்தனர். அவர்களுள் ஒருவரான பிரான்சிஸ் தூப்ளியே என்ற இளைஞர் பிற்காலத்தில் இதைக் கூறினார். காவலர் படப்பெட்டியைப் பறித்துக்கொண்டார்களாம். ஊர்வலப் படம் இன்றும் இருக்கிறது. மைதானத்துப் படம் நமக்குக் கிடைக்கவில்லை.