பரஸ்பர சம்மத விவாகரத்தும் பிள்ளைகளின் பொறுப்பும்

நம் தங்கவயலில் கணவன் மனைவிக்குள் பிணக்கு முற்றினால் முதலில் இரு வீட்டுப் பெரியவர்களும் கூடிப் பேசுவார்கள். அது பலிக்காவிட்டால் கோர்ட்டு. கோர்ட்டு என்றதும் வருஷக்கணக்கில் வாய்தாவும், ஒருவர் மேல் ஒருவர் சேறு பூசுவதும்தான் பலருக்கு நினைவு வருகிறது. இருவரும் சேர்ந்தே மனுச் செய்யும் வழியும் சட்டத்தில் உண்டு. நான் வக்கீல் அல்ல. ரயில்வேயில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். உறவினர் ஒருவருக்குத் துணையாக அலைந்தபோது அறிந்துகொண்டதை எழுதுகிறேன்.

1955-ஆம் ஆண்டின் இந்து திருமணச் சட்டத்தில் 13-பி பிரிவு 1976-இல் சேர்க்கப்பட்டது. தம்பதியர் ஓராண்டாவது பிரிந்து வாழ்ந்திருக்க வேண்டும். இனிச் சேர்ந்து வாழ இயலாது என்று இருவரும் ஒப்ப வேண்டும். மனுச் செய்து ஆறு மாதம் கழித்து, பதினெட்டு மாதத்துக்குள், இருவரும் மறுபடி கோர்ட்டில் உறுதி செய்ய வேண்டும். தகுந்த வழக்கில் இந்த ஆறு மாதத்தைத் தள்ளுபடி செய்யலாம் என்று உச்ச நீதிமன்றம் 2017-இல் தீர்ப்பளித்தது. தீர்ப்பாகும் வரை சம்மதத்தைத் திரும்பப் பெறவும் ஒருவருக்கு உரிமை உண்டு. கிறிஸ்தவர்களுக்கு 2001-இல் இவ்வழி திறந்தது. அதில் சொன்ன இரண்டாண்டுப் பிரிவுக்குப் பதில் ஓராண்டே போதும் என்று கர்நாடக உயர் நீதிமன்றம் 2014-இல் கூறியது.

ஆனால் கணவன் மனைவி பிரிவதோடு விஷயம் முடிவதில்லை. என் உறவினர் மனுவில், "தகப்பனார் குழந்தையை அவ்வப்போது பார்க்கலாம்" என்று ஒரே வரிதான் எழுதியிருந்தார்கள். அவர் விடியற்காலை ரயிலில் பெங்களூர் போய் இரவு திரும்புகிறவர். ஞாயிறு மட்டுமே ஓய்வு. அந்த ஞாயிறுதான் தாயும் குழந்தையோடு தம் தாய்வீடு போகும் நாள். ஆறு மாதத்தில் மறுபடி கோர்ட்டு. ஏழு வயதுப் பிள்ளை, யார் எதைக் கேட்டாலும் "தெரியாது" என்று சொல்லப் பழகிவிட்டான்.

ரயில்வேயில் வண்டி தடம் புரண்டால் பல இலாகாக்காரர்களும் சேர்ந்து ஒரு கூட்டுக் குறிப்பு எழுதிக் கையெழுத்திடுவோம். அளவும் நேரமும் இல்லாத குறிப்பு எதற்கும் உதவாது. இந்த மனுவும் அப்படித்தான். எழுத வேண்டியவை:

1. குழந்தை யாரிடம் வசிக்கும். எந்தப் பள்ளியில் படிக்கும்.

2. மற்றவர் பார்க்கும் நாள், நேரம், இடம். யார் கொண்டுவந்து விடுவது. தசரா, கோடை விடுமுறை, பண்டிகை நாட்களில் என்ன ஏற்பாடு.

3. மாதத் தொகை எவ்வளவு, எந்தத் தேதியில், எந்த பாங்குக் கணக்கில். ஆண்டுதோறும் எவ்வளவு உயரும். பள்ளிக் கட்டணமும் வைத்தியச் செலவும் யாருடையவை.

4. ஒருவர் ஊர் மாறினால் எத்தனை நாள் முன்னதாகத் தெரிவிப்பது.

ஐந்து வயது நிரம்பாத குழந்தை சாதாரணமாகத் தாயிடம் இருக்க வேண்டும் என்கிறது 1956-ஆம் ஆண்டு இந்து மைனர் பாதுகாப்புச் சட்டம். எதிலும் குழந்தையின் நலனே முதன்மை. சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து மேல்முறையீடாகப் போன ரோசி ஜேக்கப் வழக்கில், பிள்ளைகள் பெற்றோரின் உடைமையோ விளையாட்டுப் பொருளோ அல்ல என்று உச்ச நீதிமன்றம் 1973-இலேயே சொல்லிவிட்டது. ஆகவே பெற்றோர் ஒப்பினாலும், பிள்ளையின் நலனுக்காகக் கோர்ட்டு பின்னர் ஏற்பாட்டை மாற்றலாம். "ஜீவனாம்சம் வேண்டாம்" என்று தாய் எழுதிக் கொடுத்தாலும் பிள்ளையின் உரிமை போய்விடாது.

நம்மவர்களுக்கு இன்னொரு எச்சரிக்கை. இங்கே மனு கன்னடத்திலோ ஆங்கிலத்திலோ இருக்கும். ஒவ்வொரு வரியையும் தமிழில் சொல்லக் கேட்டு, புரிந்த பிறகே கையெழுத்திடுங்கள். 1987-ஆம் ஆண்டின் சட்டப்படி பெண்களுக்கு வருமானம் எவ்வளவானாலும் இலவச சட்ட உதவி உண்டு. தாலுகா சட்டப் பணிகள் குழுவில் கேட்கலாம்.

பெரியவர்கள் சேர்த்து வைக்க முயல்வது நல்லதே. முடியாதபோது, யார் மேல் தப்பு என்று பேசிப் பொழுதைப் போக்காமல், மேற்கண்ட நான்கையும் ஒரு தாளில் எழுதவைத்தால் அந்தப் பிள்ளைக்குப் பெரிய உபகாரம் செய்தவர்களாவோம்.